யார் கைக்குக் காப்பு

அந்த வருஷம் சித்திரை பிறந்ததிலிருந்து யாரைப் பார்த்தாலும் எனக்கு ஒரே யோசனைதான் சொன்னார்கள். ஸ்டே வாங்கு. கடைக்கு உப்பு வாங்கப் போனால் கடைக்காரர் சொன்னார். களத்தில் நெல் தூற்றிக்கொண்டிருந்தவர்கள் முறத்தைக் கீழே வைத்துவிட்டுச் சொன்னார்கள். ஸ்டே என்றால் என்ன, யார் கொடுப்பார்கள், எதைத் தடுக்கும் என்று ஒருவருக்கும் தெரியாது. வேப்பிலை மாதிரி எல்லாச் சீக்குக்கும் அது ஒன்றே மருந்து என்ற நினைப்பு. எனக்கும் அப்போது அந்த நினைப்புதான், அதனால் அவர்களைக் கேலி பேச எனக்கு வாயில்லை.

எழுபதுகளின் கடைசி அது. சாலவாக்கம் பக்கத்தில் எங்கள் ஊர். அங்கே தர்மராஜா கோயில் என்று சொல்லப்படும் திரௌபதி அம்மன் கோயிலுக்கு என் அப்பா பரம்பரை தர்மகர்த்தா. அவருக்கு முன்னால் அவருடைய அப்பா, அவருக்கும் முன்னால் அவருடைய அப்பா. முந்தின வருஷம் வைகாசியில் அப்பா செங்கல்பட்டு ஆஸ்பத்திரியில் இறந்துபோனார். அம்மா அதற்கு வெகு காலம் முன்பே போய்விட்டாள். கூடப்பிறந்தவர்கள் கிடையாது. வீட்டோடு மாப்பிள்ளையாக வந்த என் கணவரும் நானும் அப்பாவின் நிலத்தைப் பயிர் வைத்துக்கொண்டு அதே வீட்டில் இருந்தோம்.

அப்பாவுக்குப் பிறகு கோயில் பொறுப்பு எனக்கு என்று நான் நினைத்தேன். என் சித்தப்பாவின் மகன் தனக்கு என்று நினைத்தார். அவர் என்னைவிட மூத்தவர், அண்ணன் என்றுதான் கூப்பிடுவேன். சின்ன வயதில் ஏரிக்கரையில் என்னைத் தோளில் தூக்கிக்கொண்டு ஓடியவர். கருமாதி முடிந்த அன்றைக்கே, இன்னும் பந்தல் பிரிக்கவில்லை, வாசலில் நின்றபடி அவர் கேட்டார்.

"கோயிலு உன்கிட்ட வந்தா நாளைக்கு உன் புள்ளகிட்ட போவும். அவன் எந்த வூட்டுப் புள்ள? உன் மாமனார் வூட்டுப் புள்ள. நம்ம வூட்டுக் கோயில தூக்கி இன்னொரு வூட்டுக்குக் குடுக்கறதுக்கா நம்ம பாட்டன் கட்டினான்?"

எனக்கு மூக்கின் மேல் கோபம், பிறவிக் குணம். "என் புள்ள நைனா வூட்டுல பொறந்து நைனா வூட்டுல வளர்றான். உனக்குக் கண்ணு தெரியலன்னா நான் இன்னா பண்றது?" என்றேன். அப்பாவை நாங்கள் எல்லோரும் நைனா என்றுதான் சொல்வோம், அண்ணனும் அப்படித்தான் சொல்வார். அதற்குப் பிறகு நாங்கள் இருவரும் பேசிக்கொள்ளவில்லை.

இந்தச் சண்டை முழுக்க ஒரு மஞ்சள் நூலில் வந்து நின்றது. வைகாசியில் மகாபாரதக் கதை நடத்தித் தீமிதியில் முடிக்கும் திருவிழாவை நாங்கள் பாரதம் என்போம். அது தொடங்குவதற்கு முன் பூசாரி மஞ்சள் கிழங்கை நூலில் முடிந்து தர்மகர்த்தா கையில் காப்புக் கட்டுவார். கட்டியவர் தீ மிதித்து முடிகிறவரை ஒரு வேளைதான் சாப்பிடுவார், கோயிலிலேயே படுப்பார், ஊர் எல்லைக் கல்லைத் தாண்டமாட்டார். வெளியூரில் சொந்தக்காரர் சாவு விழுந்தாலும் தாண்டக்கூடாது. எங்கள் ஊர்க்காரர்களுக்குச் சட்டமும் தெரியாது, ஆர்டரும் தெரியாது. காப்பு யார் கையிலோ அவர்தான் தர்மகர்த்தா. ஒரு தடவை அண்ணன் கையில் ஏறிவிட்டால் மறு வருஷமும் அங்கேதான் ஏறும். பிறகு என் பேரை எடுத்தால், இவள் எங்கே வந்தாள் நடுவில் என்று கேட்பார்கள். எனக்குப் பயம் அதுதான்.

முந்தின வருஷம் அப்பா பக்கவாதத்தில் படுத்துவிட்டதால் பூசாரி என் இடது கையில்தான் காப்புக் கட்டினார். ஊர் முழுக்கப் பார்த்தது. ஆனால் அதை யாரும் கணக்கில் சேர்க்கவில்லை. ஆபத்துக்குப் பாவமில்லை என்று ஏதோ அந்த வருஷத்துக்குச் செய்தது என்று சொல்லிவிட்டார்கள். பூசாரியைக் கேட்டால் விபூதித் தட்டைத் துடைத்துக்கொண்டே இருப்பார்.

நானும் என் கணவரும் காஞ்சிபுரத்துக்குப் போய் ஒரு வக்கீலைப் பார்த்தோம். கோயில் வழக்குகளே அதிகம் நடத்துகிறவர் என்று உத்திரமேரூரில் சொல்லியிருந்தார்கள். நான் உட்கார்ந்ததும் உட்காராததுமாக, முன்சீப் கோர்ட்டில் உடனே கேஸ் போட வேண்டும், கோடை லீவு விடுவதற்குள் ஸ்டே வேண்டும் என்றேன். அவர் கதை முழுவதையும் கேட்டுவிட்டுச் சொன்னார்.

"ஸ்டே கிடைக்காதுன்னு நான் சொல்லலைம்மா. அடிச்சுப் பிடிச்சா கிடைக்கும். அந்த ஸ்டேயை வெச்சுக்கிட்டு நீ எவ்வளவு நாள் உக்காருவே, அதைச் சொல்லு."

பிறகு பொறுமையாக விளக்கினார். இது அறநிலையத் துறை சட்டத்துக்குக் கட்டுப்பட்ட கோயில். ஒருவர் பரம்பரை தர்மகர்த்தாவா இல்லையா, கோயிலில் வழக்கம் என்ன, மரியாதை யாருக்கு என்ற கேள்விகளை முதலில் துறையின் துணை ஆணையர்தான் விசாரிக்க வேண்டும். அதற்கு மேல் ஆணையர். அதற்கும் மேலேதான் கோர்ட். அந்த வரிசையைத் தாண்டி நேரே சிவில் கோர்ட்டுக்குப் போனால், எதிர்த் தரப்பு ஒரே ஒரு ஆட்சேபணை போட்டால் போதும், இந்தக் கேள்வியை விசாரிக்க இந்தக் கோர்ட்டுக்கு அதிகாரம் இல்லை என்று. வாலாஜாபாத் பக்கத்தில் ஒரு கோயிலுக்கு அப்படித்தான் நடந்ததாம். ஸ்டே வாங்கி ஊரே மாலை போட்டது. வருஷக்கணக்கில் இழுத்துக் கடைசியில் தவறான இடத்தில் போட்ட வழக்கு என்று தள்ளுபடியானது. திரும்ப முதலிலிருந்து தொடங்கப் போனபோது சாட்சி சொல்ல வேண்டியவர்களில் பாதிப்பேர் உயிரோடு இல்லை.

துணை ஆணையரிடம் மனுப் போட்டால் காப்புக் கட்டுவதற்குள் தீர்ப்பு வருமா என்று கேட்டேன். வராது என்றார். இடையில் யாராவது வெளியாளை நியமிக்கச் சொல்லிக் கேட்கலாம், தக்கார் என்று பேர், அவர் வந்தால் கோயில் உனக்கும் இல்லை அவனுக்கும் இல்லை என்றார். தாசில்தாரிடம் போனால் என்ன என்று என் கணவர் கேட்டார். சண்டை வரும் என்று எழுதிக் கொடுத்தால் அவர் இரண்டு பேரையும் தடுப்பார், கதவில் பூட்டுத் தொங்கும், திருவிழாவே நிற்கும் என்றார் வக்கீல். பூட்டின கோயிலுக்குத் தர்மகர்த்தாவாக இருந்து நான் என்ன பண்ணுவது?

"அப்போ இந்த வருஷம் அவரே கட்டிக்கட்டும்னு சொல்றீங்களா?" என்றேன்.

"கட்டிக்கட்டும்."

எனக்கு வந்த ஆத்திரத்தில் நாற்காலியைத் தள்ளிவிட்டுத் தெருவுக்கு வந்துவிட்டேன். வலிக்குது என்று வந்தவளிடம் வலித்துக்கொள் என்று சொல்கிறான் பார் என்று இருந்தது. அந்தத் தெருவிலேயே இன்னும் நாலைந்து வக்கீல் போர்டு தொங்கியது. அதில் ஏதாவது ஒரு படி ஏறினால் அன்றைக்கே வக்காலத்தில் கையெழுத்து வாங்கிக்கொண்டு ஸ்டே மனு டைப் அடித்திருப்பார்கள். என் கணவர் பின்னாலேயே வந்தார். அவர் எதற்கும் பதறாதவர், வீட்டில் பாம்பு புகுந்தாலும் செருப்பைப் போட்டுக்கொண்டுதான் எழுந்திருப்பார். "முதல்ல நாஷ்டா துண்ணலாம் வா. பசியில எட்த்த முடிவு வெளங்காது" என்றார். இட்லியைப் பிட்டுப் பிட்டுப் போட்டுக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். அந்த வாலாஜாபாத் கோயில்காரர்கள் மாலையும் கழுத்துமாக நின்றிருப்பார்களே, அதுவே கண்ணில் நின்றது. ஒரு வருஷம் தோற்பதா, ஜெயித்த மாதிரி இருந்து பத்து வருஷம் தோற்பதா? பல்லைக் கடித்துக்கொண்டு திரும்பிப் போய்த் துணை ஆணையருக்கான மனுவில் கையெழுத்துப் போட்டேன்.

ஊருக்கு வந்து விஷயத்தைச் சொன்னதும் ஒருவருக்கும் பிடிக்கவில்லை. பயந்துவிட்டாள் என்றார்கள். அண்ணன் வீட்டில் ஏதாவது வாங்கிக்கொண்டு விட்டுக்கொடுத்துவிட்டாள் என்றுகூட ஒரு பேச்சு நடந்தது. அந்தப் பேச்சைக் கேட்ட அன்றைக்கு நான் அடுப்பில் இருந்த சோற்றைக் கருக விட்டேன்.

காப்புக் கட்டும் நாள் வந்தது. போகாதே என்றார் கணவர், போனேன். கோயில் முன்னால் கூட்டம். உடுக்கை அடிக்கத் தொடங்கியதும் பூசாரி தட்டைத் தூக்கிக்கொண்டு வந்தார். தட்டில் கற்பூரம், எலுமிச்சம்பழம், அந்த மஞ்சள் நூல். அவர் நடுவில் நின்று ஒரு பக்கம் என்னையும் மறு பக்கம் அண்ணனையும் பார்த்தார். நான் கையை நீட்டினால் என்ன ஆகும் என்று ஒரு கணம் தோன்றியது. இடது கை தானாகவே கொஞ்சம் எழும்பியதை நான் உணர்ந்தேன். நீட்டியிருந்தால் அடிதடியாகியிருக்கும், மறுநாள் போலீஸ், அதற்கு மறுநாள் பூட்டு. முந்தானையைக் கையில் சுற்றி இறுக்கிக்கொண்டேன். பூசாரி அண்ணனின் வலது கையில் கட்டினார். கூட்டம் கோவிந்தா போட்டது. எனக்கு வயிறு எரிந்தது, சாமிக்கு முன்னால் நின்றுகொண்டு அந்த எரிச்சலை மறைக்கக்கூட எனக்குத் தோன்றவில்லை.

அதற்குள் விசாரணைக்கு நோட்டீஸ் வந்திருந்தது. துணை ஆணையர் காஞ்சிபுரத்தில் முகாம் போட்டு விசாரிக்கிறார் என்று நாளும் நேரமும் குறித்திருந்தது. நாள், பாரதம் நடுவில். அண்ணனுக்கும் வந்தது, கையெழுத்துப் போட்டு வாங்கிக்கொண்டார். நோட்டீஸைக் கொண்டுவந்தவரிடம், "காப்பு கையில கீது. இதுக்கு மேல இன்னா பேப்பர் வோணும்?" என்று சொன்னதாக ஊர் முழுக்கப் பேசிக்கொண்டார்கள். வக்கீலும் வைக்கவில்லை. தனக்குப் பதிலாக யாரையும் அனுப்புவது அவர் சுபாவமும் இல்லை.

விசாரணை அன்று காலை எங்கள் வக்கீலுக்கு முகம் மலர்ந்திருந்தது. பெண்ணுக்குக் கிடையாது என்று வழக்கம் இருந்தால் அதை அவன்தான் வந்து நிரூபிக்க வேண்டும், அவன் வரவில்லை என்றால் நிரூபிக்க ஆளில்லை, நம் பக்கம் மட்டும் கேட்டு உத்தரவு போட்டுவிடுவார்கள், நீ வாயைத் திறக்காமல் இரு என்றார். உரிமை இருக்கிறவன் தேடி வருவான், வராதவனுக்கு அக்கறை இல்லை என்று அர்த்தம், அப்படித்தான் நான் பேசப் போகிறேன் என்றார்.

பழைய சத்திரம் மாதிரி ஒரு கட்டடத்தில் மேஜை போட்டு உட்கார்ந்திருந்தார் துணை ஆணையர். அண்ணன் பேரைச் சேவகர் வாசலில் போய்க் கூப்பிட்டார். பதில் இல்லை. திரும்பக் கூப்பிட்டார். வக்கீல் எழுந்து, எதிர்மனுதாரர் நோட்டீஸ் வாங்கியும் வேண்டுமென்றே வரவில்லை, கோயிலில் அவருக்கு அக்கறை இல்லை என்று தொடங்கினார்.

அண்ணன் ஏன் வரவில்லை என்று எனக்குத் தெரியும். பஸ் ஏறினால் வந்துவிடக்கூடிய தூரம்தான், ஆனால் எல்லைக் கல்லைத் தாண்ட வேண்டும். கோயில் என்னுடையது என்று சொல்லிக்கொண்டு வந்த நானே, காப்பை மதித்த குற்றத்துக்கு ஒருவரைத் தோற்கடிப்பதா? அப்படி வாங்கின உத்தரவை எந்த முகத்தோடு அம்மன் காலடியில் வைப்பேன்? சும்மா இருந்தால் எல்லாம் கைக்கு வந்துவிடும் என்பதும் தெரிந்தது.

எழுந்து நின்று, "அவரு வரமுடியாதுங்க. காப்புக் கட்டிக்கினு கீறாரு. எல்லை தாண்டக்கூடாது" என்றேன்.

வக்கீல் என்னைத் திரும்பிப் பார்த்த பார்வையை இன்னும் மறக்கவில்லை. துணை ஆணையர் பேனாவைக் கீழே வைத்தார்.

"காப்பு யாருக்குக் கட்டுவாங்க?"

"தர்மகர்த்தாவுக்குங்க."

"அப்ப அவர்தான் தர்மகர்த்தான்னு நீங்களே சொல்றீங்களா?"

அந்த அறையில் எல்லோரும் என் வாயையே பார்த்தார்கள். இல்லை என்றேன். இந்த வருஷம் அவர் கட்டிக்கொண்டார், போன வருஷம் நான் கட்டிக்கொண்டேன் என்றேன். எல்லை தாண்டக்கூடாது என்பதெல்லாம் உண்மையில் கடைப்பிடிக்கிற வழக்கமா, வராததற்கு ஒரு சாக்கா என்று அவர் கேட்டார். நம்பாமல் கேட்கவில்லை, எழுதிக்கொள்வதற்காகக் கேட்டார். அதற்கு நான் சொல்ல வேண்டியிருந்தது.

போன வருஷம் என் கையில் காப்பு இருந்தபோதுதான் அப்பாவுக்கு வாதம் மறுபடி வந்தது. மூச்சு இழுத்தது. வாடகைக்கு வேன் பிடித்து ஏற்றினார்கள். அண்ணன்தான் அப்பாவின் தலையை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்தார், என் கணவர் முன்னால் ஏறினார். வேன் மெதுவாக நகர, நான் பக்கத்திலேயே நடந்து போனேன். எல்லைக் கல் வந்ததும் நின்றுவிட்டேன். வேன் போய்விட்டது. காப்பை அவிழ்ப்பதற்கு முந்தின நாள் அப்பா செங்கல்பட்டில் உயிரை விட்டார். அவிழ்த்த பிறகுதான் எனக்குச் சொன்னார்கள். இதை நான் வக்கீலிடம் சொன்னதே இல்லை. அது எங்கள் வீட்டுச் சாவு, கேஸுக்கு எதற்கு என்று இருந்துவிட்டேன்.

துணை ஆணையர் எழுதிக்கொண்டார். எதிர்த் தரப்புக்கு வாய்ப்புக் கொடுக்க வேண்டும் என்று விசாரணையைத் திருவிழாவுக்கு அப்புறம் தள்ளி வைத்தார். வெளியே வந்ததும் வக்கீல், "கையில வந்ததைத் தட்டிவிட்டியேம்மா" என்றார். அதற்கு மேல் என்னோடு பேசாமல் போய்விட்டார். பஸ்ஸில் வரும்போது எனக்கும் அதே நினைப்புதான். தலையில் நானே மண்ணை வாரிப் போட்டுக்கொண்டேனா என்று உத்திரமேரூர் வரும்வரை யோசித்தேன்.

தீமிதி முடிந்தது. அண்ணன் காப்பை அவிழ்த்தார். அடுத்த விசாரணைக்குள் அவர் பெரிய வக்கீல் ஒருவரை வைத்துவிட்டார் என்று செய்தி வந்தது. முந்தின வருஷம் எனக்குக் காப்பே கட்டவில்லை, படுத்திருந்த என் அப்பாவுக்குத்தான் கட்டினது, நான் கூட நின்றேன் அவ்வளவுதான் என்று சொல்லப் போகிறார்கள் என்றும் காதில் விழுந்தது. பூசாரி சாட்சிக்கு வரமாட்டேன் என்று சொல்லிவிட்டார். ஊரில் வேறு யாரும் வரமாட்டார்கள். நாளைக்கு யார் கையில் கோயில் இருக்கும் என்று தெரியாமல் யார் வாயைத் திறப்பார்கள்? அந்த நாட்களில் நான் சரியாகத் தூங்கவில்லை.

முடிவை இப்போதே சொல்லிவிடுகிறேன். உத்தரவு எனக்குச் சாதகமாக வந்தது. அண்ணன் மேல்முறையீடு செய்யவில்லை. மறு வருஷம் பூசாரி என் இடது கையில் கட்டினார், ஊர் கோவிந்தா போட்டது, அதே வாய்கள்தான். தவறான இடத்தில் போட்டிருந்தால் அந்த நேரத்தில் நான் இன்னும் ஆட்சேபணைக்குப் பதில் தாக்கல் செய்துகொண்டிருப்பேன் என்று வக்கீல் சொல்லிச் சொல்லிச் சிரித்தார். ஆனால் எனக்கு நினைவில் நிற்பது உத்தரவு வந்த நாள் இல்லை, அண்ணன் சாட்சி சொன்ன நாள்.

அவருடைய வக்கீல், பெண்கள் காப்புக் கட்டுகிற வழக்கம் உண்டா என்று கேட்டார். இல்லை என்றார் அண்ணன். பிறகு எங்கள் வக்கீல் எழுந்து, போன வருஷம் இந்தம்மா கையில் காப்பு இருந்ததா இல்லையா என்று கேட்டார். அண்ணனுடைய வக்கீல் இருமினார். துணை ஆணையர் திரும்பக் கேட்டார். அண்ணன் என்னைப் பார்க்காமல், மேஜையைப் பார்த்துச் சொன்னார்.

"கட்டியிருந்துச்சுங்க. நைனா தலைய நான்தான் மடியில வெச்சிக்கினு இருந்தேன். அவரு கண்ண தொறந்து இவளையே பாத்துக்கினு இருந்தாரு. ஏறிக்க மே, யாரு பாக்கப் போறான்னு நான் கூப்ட்டேன். ஏறல."

எழுதுகிறவர் எழுதி முடிக்கும்வரை நிறுத்திவிட்டு, மெதுவாக, "நானா இருந்தா ஏறியிருப்பேன்" என்றார்.

அதையும் எழுதவா என்று எழுதுகிறவர் கேட்டார். வேண்டாம் என்று துணை ஆணையர் கையைக் காட்டினார். எங்கள் வக்கீல் என் பக்கம் குனிந்து, முடிந்தது, ஜெயித்துவிட்டோம் என்றார். எனக்கு அது காதில் ஏறவில்லை. அண்ணன் மெச்சிச் சொன்னாரா, குத்திச் சொன்னாரா என்று இன்றுவரை எனக்குத் தெரியாது. அப்பாவுக்கு அப்போது வாய் விழுந்து பேச்சு போயிருந்தது. நில் என்று பார்த்தாரா, ஏறு என்று பார்த்தாரா, அது எனக்கு எப்படித் தெரியும்? செத்த வீட்டில்கூட அழாதவள் நான். அந்தச் சத்திரத்து நடையில் உட்கார்ந்து, ஜெயித்த அன்றைக்கு, வாய்விட்டு அழுதேன்.